அடித்துவிட்ட பத்தி

1931ஆம் ஆண்டு மே 9ஆம் தேதியிட்ட 'நேச்சர்' இதழில் ஒரு கடிதம் இருக்கிறது. ஒரு பக்கத்துக்கு மேல் போகாத சின்னக் கடிதம். எழுதியவர் ஜார்ஜ் லெமெத்ர். பெல்ஜியத்தின் லூவேன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர்; கத்தோலிக்கப் பாதிரியார். இந்தப் பிரபஞ்சம் முழுவதும் ஒரே ஓர் அணுவாக இருந்து, உடைந்து, உடைந்ததிலிருந்து இன்று நாம் காணும் அனைத்தும் வந்திருக்கலாம் என்று அதில் எழுதினார்.

அச்சுக்குப் போகுமுன் அந்தக் கடிதத்தின் தட்டச்சுப் பிரதியில் கடைசியாக இன்னொரு பத்தி இருந்தது. கடவுள் தம் இயல்பிலேயே மறைந்திருப்பவர். அவரை நம்புகிறவருக்கு, படைப்பை மறைக்கும் ஒரு திரையை இன்றைய இயற்பியல் காட்டுவது மகிழ்ச்சி தரக்கூடும் என்பது அதன் சாரம். அந்தப் பத்தியை அவரே கோடு போட்டு அடித்துவிட்டார். நேச்சர் வாசகர்கள் அதைப் பார்க்கவில்லை.

கொஞ்ச நாளாக என் மனம் அந்தக் கோட்டிலேயே நிற்கிறது. நம்பிக்கை குறைந்து போட்ட கோடாக இருந்தால் அதில் யோசிக்க ஒன்றுமில்லை. அவர் சாகும்வரை பூசை வைத்த குரு. எழுதியது பொய் என்றும் அவர் நினைத்திருக்க மாட்டார். பிறகு ஏன் அடித்தார்?

*

அந்தக் கடிதம் ஒரு பதில். கேம்பிரிட்ஜில் லெமெத்ருக்கு ஆசிரியராக இருந்த ஆர்தர் எடிங்டன் அதே ஆண்டின் தொடக்கத்தில், இயற்கையின் இன்றைய ஒழுங்குக்கு ஒரு தொடக்கம் இருந்தது என்ற எண்ணமே தமக்கு ஒவ்வவில்லை என்று பேசியிருந்தார். எடிங்டனும் பக்திமான்தான். குவேக்கர் சபையைச் சேர்ந்தவர். முதல் உலகப் போரில் ஆயுதம் ஏந்த மாட்டேன் என்று நின்றவர். லெமெத்ரோ 1914இல் பொறியியல் படிப்பை விட்டுவிட்டுப் பெல்ஜியப் படையில் சேர்ந்து, பீரங்கிப் பிரிவில் போர் முடியும்வரை இருந்தவர். 1920இல் கணிதத்தில் முனைவர் பட்டம், 1923இல் குருப்பட்டம், உடனே கேம்பிரிட்ஜ். சண்டைக்குப் போன மாணவரும் சண்டையை மறுத்த ஆசிரியரும்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. தொடக்கம் வேண்டாம் என்றவர் நாத்திகர் இல்லை. தொடக்கம் உண்டு என்றவர் பைபிளை எடுத்துக் காட்டவில்லை. குவாண்டம் எண்ணிக்கையைக் காட்டினார். காலத்தில் பின்னோக்கிப் போகப் போக ஆற்றல் சிதறாமல் குறைவான துண்டுகளில் குவிந்திருக்கும். கடைசியில் எல்லாம் ஒரே துண்டாக நிற்கும். ஒன்றே ஒன்று இருக்கும் இடத்தில் இங்கே, அங்கே என்ற பேச்சுக்கு இடமில்லை. முன், பின் என்ற பேச்சுக்கும் இடமில்லை. ஒன்று பலவாகும்போதுதான் இடமும் காலமும் பொருள் பெறும். ஆகவே உலகின் தொடக்கம் காலத்தின் தொடக்கத்துக்குச் சற்று முந்தியது என்று எழுதினார். படித்துவிட்டு நெடுநேரம் புத்தகத்தை மூடி வைத்திருக்கச் செய்யும் இடம் இது.

*

அந்தக் கடிதத்துக்கு ஏறத்தாழ ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன் வட ஆப்பிரிக்காவில் அகுஸ்தீனாரிடம் ஒரு கேள்வி இருந்தது: உலகைப் படைக்குமுன் கடவுள் என்ன செய்துகொண்டிருந்தார்? இப்படித் துருவிக் கேட்பவர்களுக்காக நரகம் தயார் செய்துகொண்டிருந்தார் என்று யாரோ கேலியாகச் சொன்ன பதிலை அவர் தம் நூலில் குறிப்பிட்டு, தாம் அப்படிச் சொல்லப்போவதில்லை என்கிறார். அவருக்குக் கேள்வி உண்மையான கேள்வி. காலமே உலகத்தோடு சேர்ந்து படைக்கப்பட்டது. காலம் இல்லாதபோது 'முன்' என்ற ஒன்று இல்லை என்பது அவர் கண்ட விடை.

அகுஸ்தீனாரும் லெமெத்ரும் சொன்னது ஒன்றே என்று எழுத எனக்கும் கை துறுதுறுக்கிறது. எழுத மாட்டேன். ஒருவர் மன்றாட்டின் நடுவே, கடவுளை முன்னிலையாக வைத்துப் பேசி அந்த இடத்துக்கு வந்தார். மற்றவர் குவாண்டம் எண்ணிக்கையை வைத்துக் கணக்குப் போட்டு வந்தார். அவர்கள் வந்த வழிகளை அழித்துவிட்டால் இருவரையும் இழந்துவிடுவோம்.

*

1951 நவம்பர் 22. வத்திக்கானின் அறிவியல் கழகத்தில் போப் பன்னிரண்டாம் பயஸ் பேசினார். இன்றைய அறிவியல் பின்னோக்கிப் பயணித்து, ஆதியில் ஒளி உண்டாகட்டும் என்ற கட்டளைக்கே சாட்சியாக நிற்கிறது என்ற தொனியில் அமைந்த உரை. கேட்ட கத்தோலிக்கர்கள் பூரித்திருப்பார்கள். லெமெத்ர் வருந்தினார்.

அன்றைய நிலையை நினைத்துப் பார்க்க வேண்டும். 1948இல் வானியலாளர் பிரெட் ஹாயிலும் இரு நண்பர்களும், பிரபஞ்சத்துக்குத் தொடக்கமே இல்லை, அது விரிய விரிய இடைவெளியில் புதுப் பொருள் உண்டாகிக்கொண்டே இருக்கிறது என்ற கோட்பாட்டை முன்வைத்திருந்தார்கள். வானியலாளர் ஹப்பிள் அளந்த விரிவு வேகத்தை நேராக எடுத்துக் கணக்கிட்டால், பிரபஞ்சத்தின் வயது நம் பூமியின் பாறைகளைவிடக் குறைவாக வந்தது. வழக்கு முடியவே இல்லை. முடியாத வழக்கின் தீர்ப்பைக் கோயில் வாசலில் தொங்கவிட்டால், நாளை தீர்ப்பு மாறும்போது கோயிலும் சேர்ந்து ஆடும்.

ஆனால் லெமெத்ரின் தயக்கம் இந்த உலகியல் எச்சரிக்கையோடு நின்றதாக எனக்குத் தோன்றவில்லை. தம் கோட்பாடு, தாம் அறிந்தவரை, சமயக் கேள்விகளுக்கு முற்றிலும் வெளியே நிற்கிறது என்று 1958இல் பிரஸ்ஸல்ஸில் நடந்த சோல்வே மாநாட்டில் சொன்னார். கடவுளை மறுப்பவருக்கும் அதில் முழு உரிமை உண்டு என்றார். நம்புகிறவருக்கோ, கடவுளோடு அளவு மீறி நெருக்கம் கொண்டாடும் ஆசையை அது தடுக்கிறது என்றார். இந்தக் கடைசி வாதம் பக்தியிலிருந்து வருகிறது. சமன்பாட்டின் முனையில் கையும் களவுமாகப் பிடிபடுகிற கடவுள் அவருடைய கடவுள் இல்லை.

போப்பின் அந்த உரைக்கு அடுத்த ஆண்டு, 1952இல், உலக வானியலாளர்கள் ரோமில் கூடினார்கள். அதற்குமுன் வத்திக்கான் வானாய்வுக்கூடத்தின் இயக்குநர் மூலம் லெமெத்ர் தம் கருத்தைப் போப்பிடம் சேர்ப்பித்தார். அந்தக் கூட்டத்தில் போப் நீண்ட உரை ஆற்றினார். அதில் அந்தப் பழைய வாதம் இல்லை. தம் மதத்தின் தலைவர் தம் கோட்பாட்டைப் புகழ்வதை நிறுத்தும்படி ஒருவர் சொல்லி அனுப்பினார், தலைவரும் கேட்டுக்கொண்டார். இருவர் மேலும் எனக்கு மதிப்பு கூடுகிறது.

*

அறிவியலைச் சமயத்துக்குச் சாட்சியாக நிறுத்தும் ஆசை நம்மிடமும் இருக்கிறது. திருவாசகத்தில் திருவண்டப் பகுதியை எடுத்துக்கொண்டு, மாணிக்கவாசகர் பெருவெடிப்பை அன்றே சொல்லிவிட்டார் என்று மேடையில் முழங்குவதைப் பலமுறை கேட்டிருக்கிறேன். தில்லையில் அருளியதாகச் சொல்லப்படும் அந்த அகவலில், அண்டங்கள் நூற்றொரு கோடிக்கும் மேல் விரிந்து கிடக்கின்றன. வீட்டுக்குள் நுழையும் வெயில் கற்றையில் மிதக்கும் தூசிபோல, இறைவன் பெருமைக்கு முன் அவை சிறுத்துப்போகின்றன.

அந்தத் தூசியைப் பார்த்த கண் எனக்கு முக்கியம். ஓட்டு இடுக்கில் இறங்கும் வெயிலில் ஒளி பட்டால் மட்டுமே தெரிகிற துகளை ஒருவர் உற்றுப் பார்த்து, கோடி அண்டங்களை அதில் வைத்தார். அண்டத்தைச் சிறிதாக்குவதற்காக அந்தப் பாட்டு அண்டத்தைப் பெரிதாகக் காட்டுகிறது. அதை எடுத்து ஹப்பிளின் தொலைநோக்கிக்கு முன்னோடி என்று நிறுத்தினால், பாட்டு முடிகிற இடமான உள்ளக் கரைதல் நமக்குக் கிடைக்காமலே போய்விடும். ஹாயிலின் கோட்பாடு வென்றிருந்தால் என்ன செய்திருப்போம் என்றும் நினைத்துப் பார்க்கிறேன். உலகைப் படைத்தவர் என்று ஒருவரில்லை, உலகம் என்றும் உள்ளது என்று சொன்ன தமிழ்ச் சமணரை மேடையேற்றி, நீலகேசியிலேயே எல்லாம் இருக்கிறது என்றிருப்போம்.

அதே தில்லையில் நடராசருக்குப் பக்கத்தில் ஒரு திரை உண்டு. விலக்கினால் உள்ளே உருவம் கிடையாது. வெறும் வெளி, அதில் தொங்கும் பொன் வில்வ மாலைகள். சைவம் இறைவனின் தொழில்களை ஐந்து என்று எண்ணும்போது படைத்தல், காத்தல், அழித்தலோடு மறைத்தலையும் ஒரு தொழிலாகச் சேர்க்கிறது. அருளலுக்கு முந்தியது மறைத்தல். லெமெத்ரின் அடித்த பத்தி சிதம்பரத்துக்காரர் ஒருவர் கையில் கிடைத்திருந்தால் தலையாட்டியிருப்பார். தலையாட்டலாம், அதற்கு மேல் போகக் கூடாது என்று எனக்கே சொல்லிக்கொள்கிறேன்.

*

13ஆம் நூற்றாண்டு. பாரிஸில் தாமஸ் அக்வினாஸ். தென்பெண்ணைக் கரையின் பக்கம் திருவெண்ணெய்நல்லூரில் மெய்கண்டார். ஒருவரை ஒருவர் அறிய வழியே இல்லை.

அக்வினாஸ் 1270ஐ ஒட்டி ஒரு சிறு நூல் எழுதினார். உலகுக்குத் தொடக்கம் உண்டென்று வேதத்தால் நம்புகிறோம். அறிவால் அதை நிறுவ முடியாது என்றார். தொடக்கமே இல்லாத உலகமாக இருந்தாலும் அது படைக்கப்பட்டதாக இருக்கலாம்; ஏனென்றால் படைப்பு என்பது இருப்புக்காக இன்னொன்றைச் சார்ந்திருத்தல், ஒரு தேதியில் நடந்த சம்பவம் இல்லை என்பது அவர் வாதம். உடன் இருந்த சபைக்காரர்களுக்கே அது கசந்தது.

மெய்கண்டாரின் வழி வேறு. இல்லாததிலிருந்து எதுவும் தோன்றாது என்பது அவருடைய சைவ சித்தாந்தத்தின் அடிப்படை. உலகம் மாயையிலிருந்து தோன்றுகிறது, அதற்குள்ளேயே ஒடுங்குகிறது, மீண்டும் தோன்றுகிறது. மாயைக்கும் உயிருக்கும் இறைவனைப் போலவே தொடக்கம் கிடையாது. குடத்துக்கு மண் முதற்காரணம், சக்கரம் துணைக்காரணம், குயவன் நிமித்த காரணம். உலகுக்கு மாயை, சக்தி, சிவன் என்று பாடம் சொல்வார்கள். ஒன்றுமில்லாமையிலிருந்து படைத்தார் என்பதை மெய்கண்டார் ஏற்க மாட்டார். கடவுளோடு கூடவே என்றுமுள்ள மண்ணை அக்வினாஸ் ஏற்க மாட்டார். இந்தப் பிளவு ஆழமானது. எல்லா மதமும் ஒன்றே என்று பூசி மெழுகிவிடக் கூடாது.

இருந்தும் இருவரும் தங்கள் கடவுளை ஒரு நாளில் கட்டிப்போடவில்லை. எப்போது தொடங்கியது என்பது ஒரு கேள்வி. எதன் மேல் நிற்கிறது என்பது இன்னொரு கேள்வி. முதலாவதற்கு இன்று 1380 கோடி ஆண்டுகள் என்று பதில் சொல்ல முடிகிறது. எத்தனை பெரிய சாதனை அது! இரண்டாவது கேள்வியை அந்த எண் தொடவில்லை.

*

ரிக்வேதத்தின் பத்தாம் மண்டலத்தில் 129ஆம் சூக்தம். ஏழே பாடல்கள். அப்போது இருந்ததும் இல்லை, இல்லாததும் இல்லை என்று தொடங்குகிறது. இது எங்கிருந்து வந்தது, மேலிருந்து பார்ப்பவருக்குத் தெரியும், ஒருவேளை அவருக்கும் தெரியாதோ என்று முடிகிறது. தன் தெய்வத்தின் அறிவையே சந்தேகத்தில் விட்டுவிட்டு ஒரு துதிநூல் அடுத்த பாட்டுக்குப் போகிறது. யாரும் அந்த வரியை நீக்கவில்லை. மூவாயிரம் ஆண்டுகளாக வாய்ப்பாடமாகக் கொண்டுவந்து கொடுத்திருக்கிறார்கள்.

*

ஒரு டம்ளர் தண்ணீர். அதில் ஒன்பதில் ஒரு பங்கு எடை ஹைட்ரஜன், மற்றது ஆக்சிஜன். ஹைட்ரஜனின் கரு வெறும் புரோட்டான். புரோட்டான்கள் பிரபஞ்சத்தின் முதல் விநாடிக்குள்ளேயே உருவாகிவிட்டன. ஆக்சிஜன் அப்போது கிடையாது. அது பல கோடி ஆண்டுகள் கழித்து நட்சத்திரங்களின் வயிற்றில் வெந்து, அவை வெடித்தபோது வெளியே வந்தது. அந்தச் சமையலை 1957இல் விளக்கமாக எழுதிய நால்வரில் ஹாயில் ஒருவர். பெருவெடிப்பை 2001இல் இறக்கும்வரை ஏற்காதவர். தொடக்கம் என்ற பேச்சில் அவருக்கு மதத்தின் வாடை அடித்தது. வாயில் ஊற்றும் ஒரே மிடற்றில் லெமெத்ரின் பங்கும் ஹாயிலின் பங்கும் பிரிக்க முடியாமல் கலந்து இறங்குகின்றன.

*

1964இல் நியூஜெர்சியின் ஹோம்டெலில், கொம்பு வடிவ ஆன்டெனா ஒன்றில் விடாத இரைச்சல் கேட்டது. பென்சியாஸ், வில்சன் என்ற இருவர் எந்தப் பக்கம் திருப்பினாலும் அதே அளவு. இரவும் பகலும் அதே அளவு. உள்ளே கூடு கட்டியிருந்த புறாக்களை விரட்டி, எச்சத்தைச் சுரண்டிக் கழுவிப் பார்த்தார்கள். இரைச்சல் போகவில்லை. பிரபஞ்சம் பிறந்து சுமார் 3,80,000 ஆண்டுகள் ஆனபோது விடுபட்ட ஒளி, விரிந்து குளிர்ந்து, இன்று கெல்வின் அளவில் 2.7 பாகையாக எங்கும் நிறைந்திருக்கிறது என்று பிறகு தெரிந்தது. 1966 ஜூனில், லெமெத்ர் இறப்பதற்குக் கொஞ்ச நாள் முன்பு, நண்பர் ஒருவர் அந்தச் செய்தியை அவரிடம் கொண்டுபோய்ச் சொன்னார்.

அந்த ஒளிக்கும் முந்திய காலத்தைக் கணக்கால் அணுகுகிறோம். கணக்கும் ஓரிடத்தில் நின்றுவிடுகிறது. ஈர்ப்பையும் குவாண்டத்தையும் சேர்த்துச் சொல்லும் கோட்பாடு இன்னும் கைக்கு வரவில்லை. லெமெத்ர் சொன்ன திரை 1931இல் இருந்த இடத்திலிருந்து நகர்ந்திருக்கிறது. விலகவில்லை.

*

லெமெத்ர் தம் கடைசி ஆறு ஆண்டுகள் வத்திக்கான் அறிவியல் கழகத்தின் தலைவராக இருந்தார். அதே கழகம் 1981இல் ஒரு பிரபஞ்சவியல் மாநாட்டைக் கூட்டியது. ஸ்டீபன் ஹாக்கிங் வந்து, காலத்துக்கு ஓர் ஓரமோ முனையோ இல்லாமலே பிரபஞ்சம் தனக்குள் நிறைவாக இருக்கலாம் என்ற யோசனையை அங்கே முன்வைத்தார். முப்பது ஆண்டுகளுக்கு முன் தொடக்கத்தைக் கொண்டாடிய அவையில், தொடக்கமே தேவைப்படாமல் போகலாம் என்ற பேச்சு. லெமெத்ர் இருந்திருந்தால் அவருக்கு 87 வயது. முன்வரிசையில் உட்கார்ந்து, அந்த எல்லை நிபந்தனையை எந்தக் கணக்கிலிருந்து எடுத்தீர்கள் என்று மட்டும் கேட்டிருப்பார் என்று நம்புகிறேன்.