சதுப்பு நிலத்திற்கு விலை கூறுதல் தகுமா?

தனு, கரணம், புவனம், போகம் என்னும் நான்கும் உயிர்களின் பொருட்டு இறைவனால் மாயையினின்றும் தோற்றுவிக்கப்பட்டன என்பது சித்தாந்த நூற்றுணிபு. அவை உயிர்கட்கு அளிக்கப்பட்டனவேயன்றி உயிர்களால் ஆக்கப்பட்டன அல்ல. இங்ஙனமாகவும், புவனத்தின் ஒரு கூறாகிய நீர்நிலைகளையும் சதுப்பு நிலங்களையும் பணத்தால் மதிப்பிட்டு, அம்மதிப்பினை அரசியலார் தம் திட்டங்களிற் சேர்த்தெண்ணல் வேண்டுமெனப் பொருணூல் வல்லார் கூறி வருகின்றனர். இது தகுமா, தகாதா என ஈண்டு ஆராயப் புகுகின்றாம்.

முதற்கண் அவர் கொள்கையை உள்ளவாறு எடுத்துரைத்தல் முறையாம். சதுப்பு நிலம் மழைநீரைத் தேக்கி வெள்ளத்தைத் தணிக்கின்றது, நிலத்தடி நீரைப் பெருக்குகின்றது, அழுக்கினை வடிக்கின்றது, மீனும் புள்ளும் வாழ இடந்தருகின்றது. இத்தொண்டுகட்கு எவரும் கூலி கேளாமையின், கணக்கேட்டில் இவற்றின் மதிப்பு சுழியம் ஆகின்றது. சுழியமாவதை அழித்தால் இழப்பும் சுழியமே என்று அதிகாரிகள் எண்ணுகின்றனர். இவ்விழுக்கினை நீக்கவே, 1997-ஆம் ஆண்டில் இராபர்ட் கோச்டான்சா என்பாரும் அவருடன் பன்னிருவரும், இயற்கை உலகிற்குச் செய்யும் தொண்டின் மதிப்பு ஆண்டொன்றுக்குச் சராசரி 33 இலட்சங் கோடி டாலர் எனக் கணித்து வெளியிட்டனர். அஃது அக்காலத்து உலக நாடுகள் அனைத்தின் மொத்த வருவாயினும் மிக்கது.

இக்கூற்றின் உண்மையைச் சென்னைக்குத் தெற்கிலுள்ள பள்ளிக்கரணையிற் காணலாம். சுற்றிலுமுள்ள ஏரிகளின் மிகுநீர் அங்கு வந்து தங்கி, ஒக்கியம் மடுவின் வழியே பக்கிங்காம் கால்வாயை அடைந்து கடல் சேரும். அந்நிலம் பயனற்ற பாழெனக் கருதப்பட்டது. கருதவே, ஒருபாற் குப்பைமேடு எழுந்தது. ஒருபால் மாளிகைகள் எழுந்தன. 2015-ஆம் ஆண்டின் பெருமழையில் வேளச்சேரி முதலிய பகுதிகள் நீரில் மூழ்கியதை யாவரும் அறிவர். எஞ்சியதில் ஏறக்குறைய 1,248 ஹெக்டேர் பரப்பு, 1971-இல் ஈரான் நாட்டு ராம்சாரிற் செய்யப்பட்ட உடன்படிக்கையின்கீழ், 2022-இல் சிறப்புடைய நீர்நிலமாகக் குறிக்கப்பட்டது. பெரும்பகுதி போனபின்னரே பெருமை உணரப்பட்டது.

அற்றேல், விலை கூறப்பட்டது பின்னர் விற்கவும்படுமன்றே, இறைவன் உடைமைக்கு விலை கூறல் அபசாரமாகாதோ எனின், கூறுதும். யாமும் நெடுங்காலம் அவ்வாறே எண்ணியிருந்தோம். ஆயின், திருக்கோயிற் பதிவேட்டில் ஆண்டவன் திருவாபரணங்களின் எடையும் மதிப்பும் எழுதப்படுகின்றன. அவை விற்றற்பொருட்டு எழுதப்படுவன அல்ல. களவு போகாமைப்பொருட்டே எழுதப்படுவன. எழுதாதொழிந்தால் இழப்பினை நிறுவச் சான்றில்லை. ஆகலின் மதிப்பிடுதல் தன்னளவிற் குற்றமன்று. எந்நோக்கத்தோடு மதிப்பிடுகின்றோம் என்பதே நோக்கற்பாலது.

எனினும் அம்மதிப்பிற்கு எல்லையுண்டு. பொருளின் இயல்பு, பிறிதொன்றனைச் சார்ந்து தோன்றும் தடத்தம் என்றும், தனக்கேயுரிய சொரூபம் என்றும் இருவகைப்படும் என்பர் நூலோர். அம்முறையை இங்கும் ஒப்புமையாக வைத்து நோக்குக. சதுப்பு நிலம் நமக்குச் செய்யும் தொண்டு தடத்தம் போல்வது. பணம் அதனையே அளக்கும். கூழைக்கடாவும் பூநாரையும் அந்நீரிற் பெறும் வாழ்வினை எந்நாணயமும் அளவாது. அவையும் வினைக்கீடாக உடம்பெடுத்த உயிர்களே; அவற்றிற்கும் அப்புவனம் அளிக்கப்பட்டது. கொடுத்தோன் வகுத்த பங்கினை, பெற்றோருள் ஒருவர் தம் பயன் ஒன்றையே கருதி அழித்தல் நீதியாமோ?

இவ்வெல்லையை மறந்தோர், ஓரிடத்துச் சதுப்பினைத் தூர்த்து, அதன் விலைக்கீடாக வேறோரிடத்துக் குளந்தொட்டால் அமையும் என்பர். அது பொருந்தாது. விலை ஒப்பதனால் பொருள் ஒன்றாகாது. வேற்றூரில் வெட்டிய குளம் இவ்வூர் வெள்ளத்தைத் தாங்குமோ? ஆகவே மதிப்பீடு காவற்குச் சான்றாகலாம், மாற்றிற்கு உரிமைச்சீட்டாகலாகாது.

அரசு இவற்றிற்கு உடையதன்று, காவல் பூண்டதே. 1996-இல் பியாசு ஆற்றைப் பற்றிய வழக்கில், இயற்கை வளங்கட்கு அரசு பொதுமக்கள்பொருட்டு நிற்கும் தருமகர்த்தாவே என இந்திய உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. தருமகர்த்தா கணக்கெழுதலாம், விற்றுண்ணலாகாது. உடையான் ஒருவனே என்னும் நம் கொள்கைக்கு இத்தீர்ப்பு அணித்தாய் நிற்கின்றது.

இறுதியாக ஒன்று. 2017-ஆம் ஆண்டின் நீர்நில விதிகள், பாசனத்திற்கென மக்கள் அமைத்த ஏரி குளங்களைத் தம் காப்பினின்றும் விலக்கியுள்ளன. ஆகலின் நம் மடங்கட்கும் கோயில்கட்கும் உரிய ஏரிகளைக் காக்கும் கடன் நம்மிடத்தே மிக்கு நிற்கின்றது. நம் குளத்தின் வரத்துவாய்க்கால் அடைபட்டிருக்க, அரசியலாரை மட்டும் குறைகூறுதல் நமக்கு அழகன்று. மடத்தலைவர்களும் அன்பர்களும் தத்தம் நீர்நிலைகளின் எல்லையையும் நீர்வரத்தையும் இவ்வாண்டே அளந்து பதிவு செய்து காப்பாராக.