கண் வளர்ந்தது, கருணை வளர்ந்ததா?

பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடுமிடம் திருமுக்கூடல். நிலவில்லா இரவொன்றில் அங்குக் கரையோரப் புதரில் முயல் ஒன்று பதுங்கியிருப்பதாக எண்ணிக்கொள்வோம். நம் கண்ணுக்கு அது புலப்படாது. இருளே அதற்கு அரண். ஓடவும் ஒளியவும் மட்டுமே தெரிந்த அந்த எளிய உயிருக்கு இயற்கை எழுப்பித் தந்த மதில் அது.

அந்த மதில் இன்று தகர்ந்துவிட்டது. வெப்பநோக்கி என்றொரு கருவி வந்திருக்கிறது. துப்பாக்கியின்மேல் பொருத்திவிட்டால், கரிய திரையிலே முயல் வெண்சுடராய் ஒளிரும். விளக்கு வேண்டாம், நிலவு வேண்டாம். உயிரோடு இருப்பதால் எழும் உடற்சூடே அதைக் காட்டிக் கொடுத்துவிடும்!

மாயமா? மந்திரமா? மை தடவிப் பார்க்கும் வித்தையா? எதுவுமில்லை. 1800ஆம் ஆண்டில் வில்லியம் எர்ஷல் என்ற அறிஞர், கதிரவன் ஒளியை முப்பட்டகத்தால் பிரித்து, சிவப்பு நிறத்துக்கு அப்பால், கண்ணுக்கு ஒன்றுமே தெரியாத இடத்திலே வெப்பமானியை வைத்தார். வெப்பம் ஏறிற்று! அகச்சிவப்புக் கதிர் அன்று அறியப்பட்டது. சூடுள்ள ஒவ்வோர் உடலும் அக்கதிரை வெளியிடுகிறது. சாதாரணக் கண்ணாடி அதைத் தடுத்துவிடும். ஆகவே ஜெர்மானியம் என்ற தனிமத்தால் வில்லை செய்தனர். வில்லை குவிக்கும் வெப்பம் நுண்ணிய உணரிகளைத் தாக்க, அவற்றின் மின்தடை மாற, அந்த மாற்றமே படமாகிறது. நெற்றிக்கண் என்று கதை கட்டினர் பழைமைவாதிகள். புதுக்கண் ஒன்றையே படைத்துக் காட்டினர் ஆய்வாளர்கள்.

கருவியைப் பழிப்பது நம் வேலையன்று. 2021 நவம்பர் 26ஆம் நாள் கோவை மதுக்கரை அருகே தொடர்வண்டி மோதி மூன்று யானைகள் மாண்டன. 2024இல் அதே வட்டாரத்தில், இருப்புப்பாதையோரம் கோபுரங்கள் எழுப்பி வெப்பப் படக்கருவிகளைப் பொருத்தினர். யானை நெருங்கினால் எச்சரிக்கை பறக்கிறது. அதே கண் அங்கே காவல் நிற்கிறது!

திருமுக்கூடலுக்கே திரும்புவோம். அங்குள்ள கோயிலில், வீரராசேந்திர சோழன் காலத்து, 11ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு ஒரு மருத்துவமனையைப் பற்றிப் பேசுகிறது. ஆதுலர்சாலை என்பது அதன் பெயர். பதினைந்து படுக்கைகள், மருத்துவர் ஒருவர், அறுவை செய்வோர் ஒருவர். கோயிலையும் அதைச் சார்ந்த கல்விச்சாலையையும் சேர்ந்தோர்க்கென அமைந்தது அது. ஏரோட்டியவனுக்கும் அங்கே படுக்கை உண்டு என்று கல்வெட்டு சொல்லவில்லை. அந்தக் குறையை மறைக்க வேண்டியதில்லை. ஆயினும் ஒன்று கேட்போம்: மருத்துவன் கை நோயாளியின் சூட்டைத் தேடுவது எதற்கு? காப்பதற்கு. வேட்டைக்காரனின் கருவி அதே சூட்டைத் தேடுவது எதற்கு?

"கவண் எறிந்தால் வேட்டை, கருவி வைத்தால் குற்றமா? தெளிவாகத் தெரிந்தால் குறி தவறாது, விலங்கும் குற்றுயிராய்த் துடிக்காது" என்பர் சிலர். அதில் உண்மை உண்டு. "பன்றிக் கூட்டம் அழித்த வயலைப் பார்த்துவிட்டுப் பேசுங்கள்" என்பர் உழவர். அதிலும் உண்மை உண்டு. காப்புக்காட்டிலிருந்து 3 கிலோமீட்டருக்கு அப்பால் வரும் காட்டுப்பன்றிகளை வனத்துறையினரே சுடலாம் என்று தமிழக அரசு 2025 சனவரியில் அறிவித்ததும் அந்தத் துயரைக் கண்டுதான். பசிக்காகக் கண்ணி வைத்த ஏழையின் நிலையும் நமக்குப் புரிகிறது.

ஆனால், பசியும் இல்லை, பயிரும் இல்லை. பொழுது போகவில்லை என்று பெரும்பொருள் கொடுத்துக் கருவி வாங்கி, உந்துவண்டியில் அமர்ந்து, உறங்கும் உயிரைச் சுட்டு வீழ்த்துகிறானே, அவனுக்கு எந்த வாதம் துணை நிற்கும்? "என்னால் முடிகிறது, செய்கிறேன்" என்பதுதானே அவனிடம் எஞ்சும் விடை? முடியும் என்பது வேறு. தகும் என்பது வேறு. வலியவன் செய்ததே முறை என்பதை மனிதருக்கிடையே மறுத்தவர்கள் நாம். வாயில்லா உயிரிடம் மட்டும் அதை ஏற்பதா?

இதே வட்டாரத்தில், தெற்கே இருக்கிறது வேடந்தாங்கல். பெயரிலே வேடன், செயலிலே காவலன்! வெள்ளையர் படையினர் பறவைகளைச் சுட்டபோது, ஊர்மக்கள் செங்கற்பட்டு ஆட்சியரிடம் முறையிட்டு, 1798இல் பறவைகளைக் காக்கும் உரிமைச் சீட்டுப் பெற்றனர். 1858இல் அதைப் புதுப்பித்துக்கொண்டனர். அவர்கள் துறவிகள் அல்லர். பறவையின் எச்சம் ஏரி நீரை உரமாக்கும், அந்நீர் வயலை வளமாக்கும் என்று கண்டறிந்த உழவர்கள். எந்தச் சாத்திரமும் சொல்லித் தரவில்லை, பட்டறிவு சொல்லிற்று. துப்பாக்கியின் கை நீண்டபோது, அதற்கு எல்லை வகுத்தது அவர்கள் அறிவு.

இன்று துப்பாக்கிக்குக் கண்ணும் முளைத்துவிட்டது. 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வேட்டையைத் தடுக்கிறது. எனினும் ஒவ்வொரு புதருக்கும் சட்டம் இரவெல்லாம் காவல் நிற்க முடியாது. இருள் என்ற இயற்கை மதிலை நம் அறிவு இடித்தது. இடித்த இடத்தில் அறம் என்ற மதிலை எழுப்ப வேண்டிய கடமையும் அந்த அறிவுக்கே உரியது.

இளைஞனே! காணும் ஆற்றலை அறிவியல் உன் கையில் தந்துவிட்டது. திரையில் ஒளிர்வது இலக்கு அன்று, உயிர் என்று உணரும் ஆற்றலை நீதான் உன்னிடம் வளர்த்துக்கொள்ள வேண்டும்.