காட்டுச்சேவல் கூவுகிறது



வன்னிக் காட்டோரங்களில் விடியலில் காட்டுச்சேவல் கூவக் கேட்டிருப்பீர்கள். செங்கொண்டை நடுவே மஞ்சள் கொண்ட இவ்வினம் இலங்கையில் மட்டுமே உண்டு. இதன் நெருங்கிய உறவான சாம்பல் காட்டுக்கோழி தமிழ்நாட்டு மலைக்காடுகளில் வாழ்கிறது. இரண்டுக்கும் மூதாதை ஒன்றே. பிரிந்து வாழ்ந்த பல இலட்சம் ஆண்டுகளில், தலைமுறைதோறும் தோன்றிய சிறு வேறுபாடுகள் திரண்டு ஓரினம் ஈரினமாயிற்று.

“அப்படியானால் கடவுள் படைக்கவில்லையா?” என்று பிள்ளை கேட்டால் அதட்டாதீர்கள். பரிணாமம் வெறும் கருதுகோளுக்கும் மேலானது என்று திருத்தந்தை இரண்டாம் அருளப்பர் சின்னப்பர் 1996இல் கூறினார். மனித ஆன்மாவை இறைவனே நேரடியாகப் படைக்கிறார் என்றும் வலியுறுத்தினார். விதைக்குள் மரத்தை வைத்தவருக்கு இது அரிதா?

அன்று இராயப்பர் அச்சத்தால் உண்மையை மறுதலித்தார், சேவல் கூவியது. விசுவாசத்தைக் காப்பதாக எண்ணி நாமும் உண்மையை மறுதலியாதிருப்போம்.