நாட்டுக்குரியவர் யார்? – ஓர் அணித்தலைவரின் வாழ்வை முன்வைத்து

ஒருவன் ஒரு நாட்டுக்கு உரியவனாவது எதனால்? பிறப்பினாலா, முன்னோரினாலா, அன்றி அங்கு வாழ்ந்து உழைத்தமையினாலா? மலையகத்தில் இவ்வினா ஏட்டளவில் நின்றுவிடவில்லை. 1948 முதல் அது ஒவ்வொரு லயத்து வாசலிலும் வந்து நின்றது.

டிக்கோயாவின் டரவளையிலும் நானுஓயாவை அடுத்த ரதல்லையிலும் வெள்ளைத் துரைமார் றக்பி ஆடிய மைதானங்கள் உள்ளன. கடல் கடந்து வந்த அத்துரைமாரை நோக்கி, ‘நீர் எந்நாட்டவர்?’ என எவரும் வினவியதில்லை. அவர்கள் ஆடிய அதே ஆட்டத்தில் உலகப் புகழ் எய்திய ஒருவரின் வாழ்க்கை, மேற்கூறிய வினாவுக்கு எதிர்பாராத உரைகல்லாக அமைகின்றது. அவர் நியூசிலாந்து அணித்தலைவர் டேவ் கல்லஹர்.

கல்லஹர் 1873 இல் அயர்லாந்தின் ரமெல்டன் என்னும் ஊரிற் பிறந்தார். 1878 இல், நான்கு வயதுப் பாலகனாய், பெற்றோருடன் நியூசிலாந்தை அடைந்தார். நல்ல நிலம் கிடைக்கும் என்ற ஆசை வார்த்தையே அக்குடும்பத்தைக் கட்டிகட்டி என்னும் குடியேற்றத்துக்கு இழுத்துச் சென்றது. கிடைத்த நிலமோ பயிருக்கு உதவவில்லை. ஆசிரியையாகப் பணியாற்றிய தாயின் வருவாயே வீட்டைத் தாங்கியது; அவரும் 1887 இல் மறைந்தார். தேயிலைத் தூரில் தேங்காயும் மாசியும் கிடைக்கும் என நம்பி வந்தவர்களின் வழித்தோன்றல்களுக்கு இக்கதை அந்நியமானதன்று.

1905 இல் பிரித்தானியாவுக்குப் புறப்பட்ட நியூசிலாந்து அணிக்கு அவர் தலைவராக நியமிக்கப்பட்டார். அந்நியமனம் குறித்துக் கப்பலிலேயே முணுமுணுப்பு எழவே, பதவி துறக்க முன்வந்தார். வாக்கெடுப்பில் பெரும்பான்மையோர் அவரையே வேண்டினர். ஆடிய 35 ஆட்டங்களில் 34 இல் அவ்வணி வென்றது. கார்டிஃப் நகரில் வேல்ஸ் அணியிடம் மட்டும் 3–0 எனத் தோற்றது. நியூசிலாந்து தன்னை ஒரு தனி நாடாக உணர்வதற்கு இப்பயணம் பெரிதும் உதவியது என்பர். அவ்வுணர்வின் தலைமகன் அயர்லாந்திற் பிறந்தவர் என்பதோ, அவர் தந்தை எங்கு பிறந்தார் என்பதோ எவருக்கும் ஒரு பொருட்டாகவில்லை. இத்தனைக்கும், தென்னாபிரிக்கப் போருக்குச் செல்லப் பதிந்தபோது அவர் தம் வயதில் மூன்றாண்டுகளைக் குறைத்தே கூறியிருந்தார்!

இனி, இலங்கையின் 1948 ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டத்தைக் கல்லஹருக்குப் பொருத்திப் பார்க்கலாம். வெளிநாட்டிற் பிறந்தவராயின் தந்தையும் தந்தைவழிப் பாட்டனும் இந்நாட்டிற் பிறந்திருத்தல் வேண்டும். அன்றேல் பாட்டனும் பூட்டனும் பிறந்திருத்தல் வேண்டும். கல்லஹர் இதில் தேறியிருக்க முடியாது. இந்நாட்டிலேயே பிறந்த தொழிலாளியும் தந்தையின் பிறப்பத்தாட்சிப் பத்திரம் இன்றித் தடுமாறினான். 1947 தேர்தலில் ஏழு பிரதிநிதிகளைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பிய மக்கள், ஈராண்டுகளுள் வாக்குரிமையையும் இழந்தனர்.

நியூசிலாந்தின் பெருந்தன்மையே கல்லஹரை ஏற்றது என முடிவுகட்டுதல் அவசரமாகும். அதே நாடு 1881 இல் சீனக் குடியேறிகள் மீது பத்துப் பவுண் தலைவரி விதித்து, 1896 இல் அதனை நூறாக உயர்த்தியது. கல்லஹர் பிரித்தானியப் பிரஜையாதலின் ஏற்கப்பட்டார் எனலாமா? சென்னை மாகாணத்திலிருந்து வந்த கூலியும் பிரித்தானியப் பிரஜையே. ஆகவே, சட்டத்தின் சொற்களுக்கு அப்பால், தோலின் நிறமும் கதவைத் திறந்தும் அடைத்தும் வந்துள்ளது.

மலையக மக்களுக்காக வாதிடுவோர், ‘காட்டை அழித்து நாட்டை வளப்படுத்தினர், ஆகவே உரிமை தருக’ என்பர். இவ்வாதம் உண்மையானது, உணர்ச்சி மிக்கதுங்கூட. ஆயின் அதனுள் ஓர் ஆபத்து உண்டு. உழைப்புக்கு விலையாக உரிமை எனின், ஒரு கொழுந்தும் கிள்ளாத குழந்தைக்கும் உழைக்கவியலாத முதியவருக்கும் என்ன விடை? கல்லஹர் 1917 இல் பெல்ஜியத்தின் பாஸ்சன்டேல் போர்க்களத்தில் நியூசிலாந்துப் படையினராக மடிந்தார். உயிர் கொடுத்ததால் அந்நாட்டவரானார் என்போரும் இதே தவற்றையே செய்கின்றனர். ஒரு வெற்றியும் ஈட்டாத, ஒரு போரும் காணாத நான்கு வயதிலேயே அந்நாடு அவரைத் தன் பிள்ளையாகக் கொண்டுவிட்டது. சாதனைகள் பின்னரே வந்தன. உரிமை முந்தியது, தகுதி பிந்தியது என்பதே அவர் வாழ்வு காட்டும் வரிசை. மலையகத்தில் இவ்வரிசை தலைகீழாக்கப்பட்டது.

1964 ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி உடன்படிக்கை 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேர் 1974 இல் சரிபாதியாகப் பிரிக்கப்பட்டனர். எஞ்சியிருந்த நாடற்றவர்களுக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003 இலேயே வந்தது. இடைப்பட்ட ஆண்டுகளில், ஹட்டன் புகையிரத நிலையத்தில் உறவுகளைக் கட்டியழுது விடைபெற்றோர், தலைமன்னாரில் இராமேஸ்வரத்துக்குக் கப்பலேறினர். அவர்களுள் நான்கு வயதுப் பாலகர்களும் இருந்தனர். அவர்கள் தாய்நாடு திரும்புவதாகப் பதிவேடுகள் குறித்துக்கொண்டன.