நாணயம் யார் கையில்?

தமிழில் 'நாணயம்' என்னும் சொல்லுக்கு இரண்டு பொருள் உண்டு. அரசு வெளியிடும் காசு ஒன்று. சொன்ன சொல் தவறாத நேர்மை மற்றொன்று. "அவர் நாணயமானவர்" என்று நம் பாட்டனார்கள் ஒருவரைப் பாராட்டியபோது, அவர் மடியில் எவ்வளவு இருந்தது என்பதை அவர்கள் கணக்கிடவில்லை. கடன் வாங்கினால் திருப்பித் தருவார், நிறுத்தால் குறைக்க மாட்டார் என்பதே அதன் பொருள். காசும் நேர்மையும் ஒரே சொல்லில் குடியிருப்பதற்குக் காரணம் இருக்க வேண்டும். அது யாது என்று நெடுநாள் எண்ணியிருக்கிறேன். அவ்வெண்ணத்திற்கு என்னைத் தூண்டியது நூல் அன்று. நான் செய்த ஒரு சிறு தவறு.

1998ஆம் ஆண்டுக் குளிர்காலம். கரோல்பாக் பகுதியில் மருந்து வாங்கச் சென்றிருந்தேன். நான் கொடுத்த நூறு ரூபாய்த் தாளைக் கடைக்காரர் விளக்கொளியில் பிடித்துப் பார்த்து, ஒன்றும் சொல்லாமல் திருப்பித் தந்தார். வெண்பகுதியில் தெரிய வேண்டிய நீர்க்குறி அதில் இல்லை. அத்தாள் என்னிடம் எப்படி வந்தது என்று அறியேன். வீட்டில் சொன்னபோது என் மனைவி, "நூறு ரூபாய் போனால் போகட்டும், கிழித்துப் போட்டுவிடுங்கள்" என்றார். நான் கிழிக்கவில்லை. அப்போது எங்களுக்கு நூறு ரூபாய் சிறு தொகை அன்று என்று எனக்கு நானே கூறிக்கொண்டேன்.

இரண்டு நாள் கழித்து, அந்தி மயங்கும் வேளையில், தெருவோரத்தில் தள்ளுவண்டியில் ஆரஞ்சு விற்ற ஒரு முதியவரிடம் அதைக் கொடுத்தேன். அவர் தாளைப் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்தார். "பாபுஜி" என்று மரியாதையுடன் அழைத்து, பழத்தையும் மீதிச் சில்லறையையும் தந்துவிட்டுத் தாளை இடுப்பில் செருகிக்கொண்டார். அந்த ஆரஞ்சை என்னால் உண்ண முடியவில்லை. நான்காம் நாள் நல்ல தாள் ஒன்றை எடுத்துக்கொண்டு அங்கே சென்றேன். அவ்விடத்தில் வேறொருவர் கடலை வறுத்துக்கொண்டிருந்தார். அதன்பின் பலமுறை சென்றும் அம்முதியவரைக் காணவில்லை.

நான் செய்தது தவறு என்பதில் ஐயமில்லை. ஆனால் அது எவ்வகைத் தவறு? நான் கள்ளத்தாள் அச்சிடவில்லை. நானும் ஏமாற்றப்பட்டவனே. வந்த வழியே அதை அனுப்பிவிட்டேன், அவ்வளவுதானே? இந்த வாதத்திற்கு விடை காண வேண்டுமானால், நம் கையில் இருக்கும் தாள் உண்மையில் என்ன பொருள் என்பதை முதலில் அறிய வேண்டும்.

உலோகமும் வாக்கும்

ரூபாய் என்பது வெள்ளியைக் குறிக்கும் வடசொல்லின் வழி வந்த பெயர். 1540 முதல் 1545 வரை ஆண்ட ஷேர் ஷா சூரி, ஏறத்தாழ பதினொன்றரை கிராம் எடையுள்ள வெள்ளிக் காசை அப்பெயரால் வெளியிட்டார். 1835இல் கிழக்கிந்தியக் கம்பெனி தன் ஆட்சிப் பகுதிகளுக்கெல்லாம் ஒரே தரமான வெள்ளி ரூபாயை வகுத்தது. அதில் பன்னிரண்டில் பதினொரு பங்கு வெள்ளி. பதினாறு அணா ஒரு ரூபாய் என்ற கணக்கு, 1957 ஏப்ரல் 1 அன்று நூறு காசு முறை வரும்வரை நீடித்தது. அக்கணக்கில் வாய்ப்பாடு படித்தவர்கள் நம்மிடையே இன்னும் இருக்கிறார்கள்.

காசு வெள்ளியாய் இருந்தவரை, அதை வாங்குபவன் தருபவனை நம்ப வேண்டியதில்லை. தட்டிப் பார்க்கலாம், உரைத்துப் பார்க்கலாம், நிறுத்துப் பார்க்கலாம். நம் பழந்தமிழகத்திலும் காசை நோட்டம் பார்ப்போர் 'வண்ணக்கர்' எனப்பட்டனர். சங்கப் புலவர் சிலரின் பெயரிலேயே அச்சொல் விளங்குகிறது. பொருளின் மதிப்பு பொருளுக்குள்ளேயே இருந்த காலம் அது.

பின்னர் வெள்ளி விலகியது. இரண்டாம் உலகப்போரின்போது, 1940இல், ரூபாய்க் காசின் வெள்ளி பாதியாகக் குறைக்கப்பட்டது. 1947இல் அது முழுவதும் நிக்கல் ஆயிற்று. அதற்கு முன்பே, 1861ஆம் ஆண்டுச் சட்டத்தால், தாள் பணம் அரசின் உரிமை ஆகியிருந்தது. 1935 ஏப்ரல் 1 அன்று செயற்படத் தொடங்கிய ரிசர்வ் வங்கி, 1938இல் தன் முதல் தாளான ஐந்து ரூபாயை வெளியிட்டது. அன்று முதல் நம் கையில் இருப்பது உலோகம் அன்று, ஒரு வாக்கு.

இது உவமை அன்று. ரிசர்வ் வங்கியின் தாளை எடுத்துப் பாருங்கள். இத்தாளைக் கொண்டுவருவோர்க்கு இத்தனை ரூபாய் தர உறுதி கூறுகிறேன் என்ற கருத்தமைந்த வாசகமும், அதன்கீழ் ஆளுநரின் கையொப்பமும் இருக்கும். ஒரு ரூபாய்த் தாளில் மட்டும் அவ்வாசகம் இல்லை. அதை வெளியிடுவது நடுவண் அரசு; ஒப்பமிடுபவர் நிதித்துறைச் செயலாளர்; சட்டத்தின் கண்ணில் அது காசுக்கு நிகர். மற்றத் தாள்கள் எல்லாம் வாக்குறுதிகளே.

அந்த வாக்குறுதியை நிறைவேற்றுமாறு கேட்டு ஒருவர் ரிசர்வ் வங்கிக்கு நூறு ரூபாயைக் கொண்டுசென்றால் என்ன கிடைக்கும்? வேறு தாள்களோ சில்லறையோ கிடைக்கும்; பொன்னோ வெள்ளியோ கிடைக்காது. அப்படியானால் இவ்வாக்கு வெறுஞ்சொல்லா? அன்று. அதை நாள்தோறும் நிறைவேற்றுபவர்கள் வேறிடத்தில் இருக்கிறார்கள். தாளை வாங்கிக்கொண்டு பழத்தைத் தருகின்ற முதியவர் நிறைவேற்றுகிறார். பேருந்து நடத்துநரும் பால்காரரும் நிறைவேற்றுகிறார்கள். வாக்குக் கொடுத்தவர் ஒருவர், காப்பாற்றுபவர் கோடிப்பேர். உலகில் இதைப்போன்ற மற்றொரு வாக்குறுதி உண்டா என்பது ஐயமே.

துக்ளக் தந்த பாடம்

இவ்வாறு உலோகத்தை விட்டு வாக்கை நம்பச் சொன்ன முயற்சி ஒன்று, நாம் வாழும் இந்தத் தில்லியிலேயே ஏறக்குறைய எழுநூறு ஆண்டுகளுக்கு முன் நடந்தது. முகமது பின் துக்ளக், 1330ஐ ஒட்டிய ஆண்டுகளில், வெள்ளி நாணயத்தின் மதிப்பைச் செம்பு, பித்தளைக் காசுகளுக்குத் தந்தார். சுல்தானுக்குக் கீழ்ப்படிபவன் இறைவனுக்கே கீழ்ப்படிகிறான் என்ற கருத்தை அக்காசுகளில் பொறித்தார். ஆனால் பிறர் எளிதில் போலி செய்ய முடியாத அடையாளம் எதுவும் அவற்றில் இல்லை. வீடுகளெல்லாம் நாணயச்சாலைகள் ஆயின என்று அக்கால வரலாற்றாசிரியர் பரணி எழுதுகிறார். வணிகம் தடுமாறியது. சுல்தான் அக்காசுகளை ஒழித்தார். ஒழிக்கும்போது, கொண்டுவந்தவர்க்கெல்லாம் கருவூலத்திலிருந்து பொன்னும் வெள்ளியும் தந்தார். திரும்பிவந்த செம்புக் காசுகள் துக்ளகாபாத்தில் மலைபோல் குவிந்து கிடந்தனவாம்.

சுல்தானை அறிவிலி என்று நகைப்பது எளிது. ஆயினும் அவர் தம் வாக்கைக் காத்தார் என்பதை மறுக்க இயலாது. சிக்கல் என்னவென்றால், போலி செய்தவனுக்கும் அவர் வாக்கைக் காத்தார். நல்லவன் இழக்கக்கூடாது என்று கள்ளக்காசுக்கும் விலை தந்தால், இறுதியில் பயன்பெறுபவன் கள்ளனே. அதனால்தான் இன்றைய விதி கடுமையாக இருக்கிறது. வங்கியில் கள்ளத்தாள் கண்டுபிடிக்கப்பட்டால் அதில் முத்திரை குத்தி எடுத்துக்கொள்வார்கள், ஓர் ஒப்புகைச் சீட்டுத் தருவார்கள், ஈடு தரமாட்டார்கள். இந்த இழப்பை யாரோ ஒருவர் ஏற்றே ஆகவேண்டும். யார் என்பதே வினா.

பள்ளம் நோக்கிப் பாய்வது

துக்ளக் செய்யத் தவறியதை இன்றைய அச்சகங்கள் வியக்கத்தக்க வகையில் செய்திருக்கின்றன. 2016இல் வந்த ஐந்நூறு ரூபாய்த் தாளின் பின்புறம் நமக்கு அண்மையிலுள்ள செங்கோட்டை, முன்புறம் காந்தியடிகள். தாளைச் சாய்த்தால் பாதுகாப்பு இழை பச்சையிலிருந்து நீலமாகும். ஒளியில் பிடித்தால் காந்தியடிகளின் உருவமும் 500 என்ற எண்ணும் நீர்க்குறியாகத் தோன்றும். கண்பார்வை இல்லாதவர் தடவி அறிய, ஓரங்களில் ஐந்து புடைப்புக் கோடுகளும் ஒரு வட்டமும் உண்டு. பின்புறத்துப் பட்டியில் பதினைந்து மொழிகள். அவற்றுள் பதின்மூன்றாவதாக, சமற்கிருதத்திற்கும் தெலுங்கிற்கும் இடையே, 'ஐந்நூறு ரூபாய்' என்று நம் தமிழ் நிற்கிறது. மொழி தெரியாத ஊரில் வந்திறங்கிய நாளில், நான் படிக்கத் தெரிந்த முதல் எழுத்து ஒரு தாளின் பின்புறத்தில்தான் இருந்தது. இந்த வேலைப்பாடு அனைத்திற்கும் நோக்கம் ஒன்றே: ஒருவரையொருவர் அறியாத இருவர், அறியாமலே நம்பிக்கொள்ள வேண்டும்.

ஆனால் இக்காப்புகள் எல்லாம் பார்ப்பவனுக்கே காப்பு. மங்கிய ஒளியில், கூட்டத்தின் நடுவே, கண் மங்கிய முதியவர் எதைச் சாய்த்துப் பார்ப்பார்? அவர் தருபவன் முகத்தையே நோட்டம் பார்க்கிறார். அன்று என் முகம் நல்ல நாணயமாகச் சென்றது. என் கையில் இருந்தது செல்லாக் காசு.

இங்கேதான் என் வாதம் உடைகிறது. வந்த வழியே அனுப்பினேன் என்றேன். உண்மை அதுவன்று. நான் அதை மருந்துக்கடையில் மீண்டும் நீட்டவில்லை; வங்கிக்குக் கொண்டுசெல்லவில்லை. பார்க்கமாட்டார், கேட்கமாட்டார், மீண்டும் என்னைக் காணமாட்டார் என்று எண்ணி ஒருவரைத் தேர்ந்தெடுத்தேன். கள்ளத்தாளைத் தெரிந்தே மாற்றுபவர் எல்லாரும் இப்படித்தான் தேர்ந்தெடுக்கிறார்கள். நீரைப்போல் அது பள்ளம் நோக்கியே பாய்கிறது. ஆகவே, 'இழப்பு யாருக்கு?' என்று நான் கேட்டது பொய்க் கேள்வி. 'இழப்பை யார் தலையில் வைக்கிறேன்?' என்பதே மெய்க் கேள்வி.

சட்டமும் இதே இடத்தில்தான் கோடு கிழிக்கிறது. முன்பிருந்த இந்தியத் தண்டனைச் சட்டமானாலும், 2024 சூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சங்கிதை ஆனாலும், போலி என்று அறிந்தோ ஐயுற்றோ அத்தாளைச் செலாவணி செய்வதைக் குற்றம் என்கின்றன. அறியாமல் வாங்கி அறியாமல் கொடுப்பவன் குற்றவாளி அல்லன். அறிந்த நொடியில் பொறுப்பு பிறக்கிறது. தீமை ஒரு சங்கிலியாக வரும்போது, அதை முதலில் அறிந்தவன் கையில்தான் அது அறுபட வேண்டும். ஏனெனில் அறுக்கக்கூடியவன் அவன் ஒருவனே.

அன்றாடம் உழைத்து அன்றாடம் உண்பவன் ஒருவன், ஒருநாள் கூலியாகக் கள்ளத்தாளைப் பெற்று, குழந்தைகளின் பசியை எண்ணி அதை மாற்றிவிட்டால் அவனும் இதே அளவு குற்றவாளியா என்று கேட்கலாம். அவனைப் பழிக்க எனக்கு நா எழவில்லை. நேர்மையின் விலை எல்லார்க்கும் ஒன்று அன்று. ஆனால் அதனாலேயே, அந்த விலையைத் தாங்கக்கூடியவர்களுக்கு விலக்கு இல்லை. எனக்கு அந்த நூறு ரூபாய் ஒரு மாதச் சிக்கனம். அம்முதியவருக்கு அது ஒருநாள் வாழ்வாக இருந்திருக்கலாம்.

அரசுக்கும் இவ்வறம் பொருந்தும். 1946, 1978, 2016 ஆகிய ஆண்டுகளில் நம் நாட்டில் உயர்மதிப்புத் தாள்கள் செல்லாதவை என அறிவிக்கப்பட்டன. 2016 நவம்பர் 8 அறிவிப்பு சட்டப்படி செல்லும் என்று உச்சநீதிமன்றம் 2023இல் நால்வருக்கு ஒருவர் என்ற பெரும்பான்மையில் தீர்ப்பளித்தது. சட்டம் அவ்வாறாயினும், தன் வாக்கை மாற்றும் எவரும் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: இதன் சுமை யார்மேல் விழுகிறது? வரிசையில் நிற்க இயலாத முதியவர் மேலா, வலியவர் மேலா?

நம் பிள்ளைகளுக்கு

இன்று நம் பிள்ளைகள் தாளைத் தொடுவதே அரிது. காய்கறி வண்டியிலும் ஓர் அட்டை தொங்குகிறது; கைபேசியைக் காட்டினால் பணம் சென்றுவிடுகிறது. கள்ளத்தாள் என்ற கவலை தீர்ந்தது என்று எண்ணியிருந்தேன். ஆனால் பணம் அனுப்பாமலே, அனுப்பியதுபோன்ற ஒரு படத்தைக் காட்டிவிட்டுப் போகிறவர்கள் இருக்கிறார்கள். பணம் வந்ததைக் குரல்கொடுத்து அறிவிக்கும் சிறு பெட்டியை வண்டிக்காரர்கள் வாங்கி வைத்திருப்பது அதனால்தான். கருவி மாறியிருக்கிறது, பள்ளம் மாறவில்லை.

2014இல் மற்றொரு கள்ளத்தாள் என்னிடம் வந்தது. இம்முறை ஐந்நூறு ரூபாய். மறுநாள் காலை வங்கிக்குக் கொண்டுசென்றேன். காசாளர் முத்திரை குத்தி எடுத்துக்கொண்டு, ஒப்புகைச் சீட்டில் என் கையொப்பமும் வாங்கினார். அச்சீட்டை இன்னும் வைத்திருக்கிறேன். அதனால் பழைய கடன் தீர்ந்தது என்று சொல்லமாட்டேன். அது கொடுக்க வேண்டியவரிடம் கொடுக்கப்படவில்லை. ஆனால் காசுக்கும் நேர்மைக்கும் நம் முன்னோர் ஏன் ஒரே பெயரிட்டனர் என்பது எனக்கு விளங்கிவிட்டது. தாளில் எழுதிய வாக்குக்கு ஆளுநர் ஒப்பமிடுகிறார். அதை மெய்யாக்கும் ஒப்பம், கொடுக்கும்போதும் வாங்கும்போதும், நம் ஒவ்வொருவர் கையாலும் இடப்படுகிறது.