காதலுக்கு என்ன ருசு?

பொறாமை இல்லாத காதலைக் காதல் என்று சொல்லலாமா என்கிற கேள்வியைத் தமிழில் நாம் கேட்டுக்கொள்வதில்லை. பதில் எப்போதோ தீர்மானமாகிவிட்டது என்கிற எண்ணம்தான் காரணம். கவிஞர், சினிமாக்காரர், ஊர்ப் பஞ்சாயத்துக்காரர் மூவரும் ஒத்துப்போகும் விஷயம் இது ஒன்றாகத்தான் இருக்கும். ஒருவன் ஒருத்தியைக் காதலிக்கிறான் என்பதற்கு ருசு, இன்னொருவன் அவளைப் பார்த்தால் இவன் வயிறு எரிகிறது என்பது. எரிச்சலின் அளவே காதலின் அளவு. இந்த அளவுகோலைக் கடைசிக் கோடு வரை கொண்டுபோனால் அங்கே கொலையோ தற்கொலையோதான் நிற்கும். அளவுகோலின் மீது எனக்குச் சந்தேகம் உண்டாகக் காரணமாயிருந்தது தத்துவ நூல் ஒன்றும் அல்ல. நல்ல இலக்கியம்கூட அல்ல. கல்லூரிப் பையன்கள் நால்வரைப் பற்றிய ஒரு விளையாட்டுப் படக்கதை.

'பாய்ஃப்ரெண்ட்ஸ்' என்பது அதன் பெயர். எழுதி வரைந்தவர் இந்தோனேசியாவைச் சேர்ந்தவர், ரிஃப்ரெய்ன்போ என்கிற புனைபெயர்க்காரர். கொரியாவில் பிறந்த வெப்டூன் தளத்தில் 2021 முதல் தொடராக வந்து, கைபேசித் திரையில் விரலால் தள்ளித் தள்ளிப் படிக்கப்பட்டு, 2023 முதல் அச்சில் தொகுதிகளாகவும் வந்திருக்கிறது. பையன்களுக்குப் பெயர் கிடையாது. நெர்ட், ஜாக், ப்ரெப், காத் என்று அமெரிக்கக் கல்லூரிக் கதைகளின் வார்ப்புகளையே பெயராக வைத்திருக்கிறார்: புத்தகப் புழு, விளையாட்டு வீரன், நாசூக்குக்காரன், கறுப்பு உடுத்தி இருட்டை விரும்புகிறவன். நால்வரும் ஒருவரையொருவர் காதலிக்கிறார்கள், இரண்டு ஜோடிகளாக அல்ல, நால்வராகவே. ஆங்கிலத்தில் இதற்குப் பாலிஅமோரி என்று பெயர். பாதி கிரேக்கமும் பாதி லத்தீனும் சேர்ந்த ஒட்டுச்சொல். தமிழில் எல்லோரும் ஒப்பிய சொல் ஒன்று இல்லாததால், 'பலர்காதல்' என்று வைத்துக்கொண்டு மேலே போகிறேன்.

கதையில் சொல்லிக்கொள்ளும்படி எதுவும் நடப்பதில்லை. கொஞ்சுகிறார்கள், சாப்பிடுகிறார்கள், ஒருவனைப் பார்த்து மற்றவன் முகம் சிவக்கிறான். நகைச்சுவை பல இடங்களில் பள்ளிக்கூட மட்டத்தைத் தாண்டுவதில்லை. இணையத்தில் இதைக் கேலி செய்தவர்கள் ஏராளம். வார்ப்பு மனிதர்களை வைத்து ஆண்காதலைப் பொம்மை விளையாட்டாக்கிவிட்டார் என்ற குற்றச்சாட்டும் உண்டு. அதில் நியாயம் இருக்கிறது. படித்துப் பார்த்த சேலத்து நண்பர் ஒருவர், "இதுக்கெல்லாம் பத்திரிகையில் நாலு பக்கம் ஒதுக்கினால் அந்த நாலு பக்கத்துக்கும் நீர்தான் பதில் சொல்ல வேண்டும்" என்றார். சொல்கிறேன்.

இந்தப் படக்கதை கலையாகத் தேறுமா என்பது அல்ல என் அக்கறை. தேறாது. அக்கறை அதன் லகுவைப் பற்றியது. அந்த லகு எனக்கு ஏன் ஆபாசத்தைவிட அதிகமான அதிர்ச்சியைத் தந்தது? ஒத்த பாலினர் காதலையோ, பால் மாறியவர்களின் வாழ்வையோ தமிழில் அச்சில் பார்த்த இடங்களை நினைத்துப்பார்க்கிறேன். கரிச்சான் குஞ்சுவின் 'பசித்த மானிடம்' 1978இல் வந்தது. ஆணுடன் ஆண் கொள்ளும் உறவைக் கண் சிமிட்டாமல் எழுதிய நாவல்; ஆனால் அந்த உடம்பின் மீது குஷ்டரோகமும் வந்து உட்கார்கிறது. சு. சமுத்திரத்தின் 'வாடாமல்லி' 1990களில். பிறகு லிவிங் ஸ்மைல் வித்யாவின் 'நான் வித்யா'. ஒவ்வொன்றும் அவசியமான எழுத்து. ஆனால் வரிசையாக வைத்துப் பார்க்கும்போது வாசகன் தன்னையறியாமல் ஒரு சட்டம் இயற்றிக்கொள்கிறான்: இவர்கள் அழுதால் கேட்பேன்.

வங்கியில் மனுக்களைப் படித்துப் படித்து எனக்கு அந்த நடை தெரியும். தவணை தள்ளிப்போடச் சொல்லிக் கேட்கிறவர் தன் கஷ்டத்தை ருசுப்படுத்த வேண்டும். சந்தோஷமாக இருக்கிறேன், ஆகவே தவணை தள்ளுங்கள் என்று எழுத முடியாது. 2018 செப்டம்பர் 6 அன்று உச்ச நீதிமன்றம் 377ஆம் பிரிவின் பிடியிலிருந்து ஒத்த பாலினர் உறவை விடுவித்தபோதும், வழக்குக்குப் பலம் சேர்த்தது பட்ட துன்பம்தான். அதில் தவறில்லை. நீதிமன்றத்துக்குத் துன்பம் சாட்சியம். இலக்கியமும் அதே சாட்சியத்தைத்தான் கேட்க வேண்டுமா? யாரிடமும் எதையும் ருசுப்படுத்த முயலாமல் நான்கு பையன்கள் ஒரு சோபாவில் நெருக்கியடித்து உட்கார்ந்திருப்பது, மனுவின் நடையை மறுக்கிறது என்கிற அளவிலேயே எனக்கு ஒரு தார்மீகக் காரியமாகப் படுகிறது.

இதே விஷயத்தைப் பெரிய மூளைகள் கையாண்டபோது என்ன நடந்தது என்பதையும் பார்க்கலாம். ஸார்த்தரும் ஸிமோன் த பொவாரும் 1929இல் தங்களுக்குள் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டார்கள். தங்கள் காதல் அவசியமானது, மற்றவை தற்செயலானவை. இரண்டுக்கும் இடமுண்டு என்று. தற்செயல் என்று பெயரிடப்பட்டவர்களை யாராவது கேட்டார்களா என்று தெரிந்துகொள்ள, பொவார் 1943இல் வெளியிட்ட முதல் நாவலைப் படித்தால் போதும். ஒரு ஜோடி, அவர்களுடன் வந்து சேரும் மூன்றாவதாக ஓர் இளம்பெண். நாவலின் முகப்பில் ஹெகல்: ஒரு பிரக்ஞை இன்னொரு பிரக்ஞையின் சாவை நாடுகிறது என்கிற கருத்து. முடிவில் மூத்தவள் இளையவளின் அறையில் கேஸைத் திறந்துவிடுகிறாள். மகத்தான எழுத்து, சந்தேகமில்லை. ஆனால் சுதந்திரத்தைப் பற்றி அவ்வளவு சிந்தித்தவர்களும் அந்தப் பழைய அளவுகோலைத்தான் கையில் வைத்திருந்தார்கள். பொறாமையைக் கடந்துவிட்டோம் என்று அறிவித்துவிட்டு, கதையை முடிக்க அதனிடமே போனார்கள்.

நமக்கு இவ்வளவு தூரம் போக வேண்டியதும் இல்லை. தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்துக் கிராமங்களில் ஐந்து கணவர்களை உடைய ஒருத்திக்குக் கோயில் கட்டிக் கும்பிடுகிறார்கள். பகலில் பாரதம் படித்து, இரவில் கூத்து ஆடி, அர்ச்சுனன் தபசு மரம் ஏறி, கடைசியில் மண்ணால் செய்த துரியோதனனைப் படுகளத்தில் சாய்த்து, தீ மிதிக்கிறார்கள். பலர்காதல் மேல்நாட்டு இறக்குமதி என்று சொல்கிறவர்கள் அந்தக் கூட்டத்திலும் உட்கார்ந்திருப்பார்கள். நாரதர் பாண்டவர்களுக்குச் சொல்லும் எச்சரிக்கையை அவர்கள் கவனித்திருக்க மாட்டார்கள். சுந்தன், உபசுந்தன் என்று இரண்டு சகோதரர்கள், திலோத்தமை ஒருத்திக்காக ஒருவரையொருவர் அடித்துக்கொண்டு செத்தார்கள். உங்களுக்கும் அந்தக் கதி வேண்டாம், முறை வைத்துக்கொள்ளுங்கள் என்கிறார். ஒருவன் முறையில் இன்னொருவன் உள்ளே நுழைந்தால் காட்டுக்குப் போக வேண்டும். வில்லை எடுக்க நுழைந்த அர்ச்சுனன் போகிறான்.

கவனிக்க வேண்டியது, இந்த ஏற்பாடு பொறாமையை ஒழிக்கவில்லை என்பது. அதற்கு ஓர் அட்டவணை போட்டது. அட்டவணைக்குச் சம்பந்தப்பட்டவளிடம் யாரும் சம்மதம் வாங்கவில்லை. கொண்டுவந்ததைப் பகிர்ந்துகொள்ளுங்கள் என்று குந்தி திரும்பிப் பார்க்காமல் சொன்ன வார்த்தைதான் அவள் வாழ்க்கை. பல மனைவி வைத்துக்கொண்ட மிராசுதாரர்களின் பன்மையும் இதே ரகம்; கேட்பார் கிடையாது. ஆகவே ஒன்றா பலவா என்கிற எண்ணிக்கையை வைத்து ஒழுக்கத்தைத் தீர்மானிக்கிறவர்கள் தவறான கட்டத்தைப் பார்க்கிறார்கள் என்பது என் கட்சி. ஒருவரோடு மட்டும் வாழும் ஏகபத்தினி விரதத்திலும் கேட்கப்படாத ஒருத்தி இருக்க முடியும். நான் சொல்லும் படக்கதையில் எவ்வளவு அசட்டுத்தனம் இருந்தாலும், நான்கு பேரும் தாமாக வந்து தாமாக இருக்கிறார்கள். முறை இல்லை, அட்டவணை இல்லை, காட்டுக்கு அனுப்ப ஆளும் இல்லை.

சட்டமும் இந்த இடத்துக்கு மெதுவாக வந்துகொண்டுதான் இருக்கிறது. அதே 2018 செப்டம்பரில், 27ஆம் தேதி, பிறன்மனை சேர்தலைக் குற்றமாக்கிய 497ஆம் பிரிவையும் உச்ச நீதிமன்றம் தள்ளியது. அந்தப் பிரிவில் ஒரு விசித்திரம் உண்டு. கணவன் சம்மதித்திருந்தால் குற்றமே இல்லை. மனைவியின் சம்மதம் எந்தக் கணக்கிலும் வராது. பொறாமைக்குச் சட்டப் புத்தகத்தில் கொடுத்திருந்த இடம் அது, சொத்துக்காரனின் புகார். ஆனால் அதே நீதிமன்றம் 2023 அக்டோபர் 17 அன்று ஒத்த பாலினர் திருமணத்தை அங்கீகரிக்க மறுத்துவிட்டது. இருவருக்கே கிடைக்காத இடத்தில் நால்வருக்கு என்ன கிடைக்கும்?

வங்கிக்காரனாக எனக்கு ஓர் அற்பமான பதில் தெரியும். ஒத்த பாலின இணையோடு கூட்டுக் கணக்குத் தொடங்கவும், அவரை நியமனதாரராகக் குறிப்பிடவும் தடை ஏதுமில்லை என்று 2024 ஆகஸ்டில் நிதியமைச்சகம் தெளிவுபடுத்தியது. 2025 நவம்பர் 1 முதல் டெபாசிட்காரர் ஒருவர் நான்கு பேர் வரை நியமனம் செய்யலாம் என்று வங்கிச் சட்டம் திருத்தப்பட்டிருக்கிறது. அதில் இரண்டு வகை. ஒரே சமயத்தில் நான்கு பேருக்கும் சதவீதம் பிரித்து எழுதலாம், கூட்டினால் நூறு வர வேண்டும். அல்லது ஒருவர் இல்லாவிட்டால் அடுத்தவர் என்று வரிசையாக எழுதலாம். லாக்கருக்கு வரிசை மட்டும்தான். நாரதர் சொன்னது லாக்கர் முறை என்று எனக்குள் சிரித்துக்கொண்டேன். படக்கதைப் பையன் ஒவ்வொருவனுக்கும் காதலர்கள் மூவர். நியமனத்தில் ஓர் இடம் மிச்சம் இருக்கும், அம்மாவுக்கு.

ஆனால் சதவீதம் என்கிற வார்த்தையில்தான் விஷயம் இருக்கிறது. மூன்று பேரைக் காதலிக்கிறவன் ஒவ்வொருவருக்கும் மூன்றில் ஒரு பங்குதான் தர முடியும் என்று நினைப்பது டெபாசிட் கணக்கு. மூன்று பிள்ளை பெற்ற தாயிடம் இந்தக் கணக்கை யாரும் கேட்பதில்லை. காதலில் மட்டும் ஏன் கேட்கிறோம்? பிரியத்துக்கு நூறு என்கிற கூட்டுத்தொகை இல்லை என்றே நினைக்கிறேன். நேரத்துக்கு உண்டு, பணத்துக்கு உண்டு. காய்ச்சலில் கிடக்கிறவன் பக்கத்தில் ராத்திரி கண்விழிக்கிறவன் யார் என்பதற்கும் உண்டு. பலர்காதல் தோற்றால் அங்கேதான் தோற்கும், பிரியத்தில் அல்ல. படக்கதை இந்த இடத்தைத் தொட்டுவிட்டு ஓடிவிடுகிறது. நால்வரும் ஒரே அளவு உற்சாகத்தோடு இருக்கிறார்கள். யாரும் களைத்துப்போவதில்லை. இது அதன் பலவீனம்.

இதைவிடப் பெரிய பலவீனம் ஒன்றைப் பற்றி இந்த ஊரில் இருந்துகொண்டு பேசாமல் இருக்க முடியாது. 2012 நவம்பர் 7 அன்று, ஒரு பையனும் ஒரு பெண்ணும் சாதி தாண்டிக் கல்யாணம் செய்துகொண்டதை முன்னிட்டு, தர்மபுரிக்குப் பக்கத்தில் நத்தம், கொண்டம்பட்டி, அண்ணா நகர் காலனிகளில் இருநூற்றுக்கும் மேற்பட்ட வீடுகள் சூறையாடப்பட்டு எரிக்கப்பட்டன. 2013 ஜூலை 4 அன்று அந்தப் பையனின் உடல் தர்மபுரி அரசு கலைக் கல்லூரிக்குப் பின்னால், தண்டவாளத்தருகே கிடந்தது. இரண்டே பேர். ஆணும் பெண்ணும். சட்டம் தடுக்காத வயது ஆகியிருந்த பெண். அதுவே இங்கே எடுபடவில்லை. இங்கே கல்லூரி என்று சொன்னால் எனக்கு அந்தத் தண்டவாளமும் சேர்ந்தே நினைவுக்கு வருகிறது.

படக்கதையின் கல்லூரிக்குப் பின்னால் தண்டவாளம் இல்லை. சாதிச் சங்கம் இல்லை. பெயரே இல்லாத பையன்களுக்குச் சாதி எங்கிருந்து வரும்? அவர்களுடைய லகு இந்த நீக்கங்களை விலையாகக் கொடுத்து வாங்கியது என்று சொன்னால் நான் மறுக்க மாட்டேன். நம் விடுதி ஒன்றில் நால்வர் இப்படிச் சேர்ந்தால், யார் வீட்டில் யார் தண்ணீர் குடிக்கலாம் என்பது முதல் வாரத்திலேயே தெரிந்துவிடும். நால்வரின் சமத்துவம் அங்கேயே உடையலாம். ஆனால் இதைக் காரணம் காட்டி லகுவைப் பொய் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. அன்றைக்குத் தீ வைத்தவர்களும் காதலைக் குறித்து மிகத் தீவிரமான அபிப்பிராயம் உள்ளவர்கள்தான். பெண் யாருக்கு உரியவள் என்பதில் அவர்களுக்கு எந்த விளையாட்டும் கிடையாது. சாவை ருசுவாகக் கேட்கும் அளவுகோல், சாவைத் தண்டனையாகத் தருகிறவன் கையிலும் அதே அளவுகோலாகத்தான் இருக்கிறது. நம் சோகக் காவியங்கள் அதற்கு எண்ணெய் போட்டு மெருகேற்றியிருக்கின்றன என்று நான் சொன்னால் சிற்றிதழ் நண்பர்கள் கோபிப்பார்கள். கோபிக்கட்டும்.

அச்சைப் பற்றி ஒரு வார்த்தை. கைபேசியில் இந்தக் கதை முடிவில்லாத ஒரு நாடா. கட்டத்துக்கும் கட்டத்துக்கும் இடையில் வெள்ளை வெளி விழுந்துகொண்டே போகும், அந்த இடைவெளிதான் நகைச்சுவையின் மூச்சு. அச்சில் அதைப் பக்கத்துக்குப் பக்கம் வெட்டி அடுக்க வேண்டியிருக்கிறது. அதில் கொஞ்சம் மூச்சு போய்விடுகிறது. ஆனால் வேறொன்று வந்து சேர்கிறது. கைபேசியில் படிப்பதை விரலால் ஒதுக்கிவிட்டுக் கணக்குப் பாடம் படிப்பதாகக் காட்டலாம். புத்தகத்துக்கு முதுகு இருக்கிறது, முதுகில் பெயர் இருக்கிறது. அதை வீட்டில் எங்காவது வைத்தாக வேண்டும். துணி மடிப்புக்கடியிலா, அலமாரியில் மற்றப் புத்தகங்களோடா என்று படிக்கிறவன் தீர்மானித்தாக வேண்டும். இந்தோனேசிய நாடாளுமன்றம் திருமணத்துக்கு வெளியே உடலுறவைக் குற்றமாக்கும் புதிய சட்டத்தை 2022 டிசம்பரில் நிறைவேற்றியது. அடுத்த வருஷம் இந்தப் புத்தகம் அச்சில் வந்தது. வரைந்தவர் அதை எங்கே வைத்திருக்கிறார் என்று யோசித்துப் பார்க்கிறேன்.

என்னிடம் இருந்த பிரதி இப்போது சேலத்து நண்பரிடம் இருக்கிறது. இன்னொரு தடவை படிக்க வேண்டும் என்று கேட்டு வாங்கிப்போனார். கொடுக்கும்போது பழைய தினசரியில் அட்டை போட்டுத் தரச் சொன்னார். அவர் பையன் இந்த வருஷம்தான் கல்லூரியில் சேர்ந்திருக்கிறான்.