பதுளைத் தோட்டங்களில் நினைவும் வரலாறும்

தம் வாழ்நாளை ஆண்டுக்கணக்கில் நினைவில் வைத்திருப்பவர்கள் குறைவு. ஊரே சேர்ந்து பட்ட ஒன்றைக் குறியாகக் கொண்டுதான் பலரும் முன்னும் பின்னும் எண்ணுகிறார்கள். இலங்கையின் பதுளை, பசறை, ஹாலி-எல தேயிலைத் தோட்டங்களில் மூத்தவன் பிறந்தது, பிரதமர் சிறிமாவோவின் ஆட்சியில் வந்த ‘சிறிமா பஞ்சத்தில்’. அண்ணன் வவுனியாவுக்குப் போனது, தமிழர்களைத் தாக்கிய ‘எண்பத்துமூணு கலவரத்துக்குப் பிறகு’. நினைவுக்கான சட்டகத்தைச் சமூகமே தருகிறது என்று பிரெஞ்சுச் சமூகவியலாளர் மோரிஸ் ஆல்பவாக்ஸ் 1925இல் எழுதியது இதைத்தான்.

அரசின் வரலாறு வாய்ச்சொல்லை எளிதில் ஏற்பதில்லை. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம், குடியுரிமை பெறத் தந்தையோ, அல்லது பாட்டனும் பூட்டனுமோ இலங்கையில் பிறந்ததை நிறுவச் சொன்னது. பாட்டன் இந்தியாவிலிருந்து ஆள்சேர்த்த எந்தக் கங்காணியோடு வந்தார் என்பது வீட்டில் தெரியும். பிறப்புப் பதிவுதான் பல குடும்பங்களிடம் இல்லை. 1964 ஒக்டோபர் 30இல் இரு நாட்டுப் பிரதமர்கள் கையெழுத்திட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் இந்திய வம்சாவளியினரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் பங்கிட்டது. ஒரே லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில், வளர்ந்தவர்களில் சிலர் கோத்தகிரிக்கும் கூடலூருக்கும் போனார்கள். அதன் பிறகு காகிதமே குடும்ப நினைவாயிற்று. பிறப்புச் சான்றும் பிரசாவுரிமைப் பத்திரமும் டிரங்குப் பெட்டியில், கலியாணச் சேலைக்கடியில் இடம்பிடித்தன.

வரலாறு விட்டதை நினைவு நிரப்புவதும் உண்டு. 2014 ஒக்டோபர் 29 காலை பதுளை மாவட்டத்தின் கொஸ்லந்த மீரியபெத்தத் தோட்டத்தில் மண்சரிவு லயங்களை மூடியது. காணாமற்போனோர் எண்ணிக்கை செய்திக்குச் செய்தி மாறியது. எந்தக் காம்பிராவில் யார் குடியிருந்தார், அன்று கொழுந்தெடுக்கப் போனவர் யார், பள்ளிக்கூடம் போன பிள்ளை எது என்பதெல்லாம் அயலவர்களுக்கே தெரியும். பதுளைப் பக்கத் தோட்டமொன்றில் 1934இல் பிறந்து, வேலை பார்த்த தோட்டத்தின் பெயரைத் தன் பெயரோடு சேர்த்துக்கொண்ட தெளிவத்தை ஜோசப்பின் கதைகளும் அத்தகைய அறிவை எழுத்தாக்கியவை. அவரது ‘காலங்கள் சாவதில்லை’ நாவல் 1974இல் வந்தது.

கூட்டு வரலாறு தனி நினைவை விழுங்கிவிடவும் கூடும். தோட்டத் தொழிலாளர் முதலில் வந்ததாகக் கொள்ளும் 1823இலிருந்து எண்ணி, 2023இல் ‘மலையகம் 200’ நினைவுகூரப்பட்டது. ஆனால் பதுளை அடங்கிய ஊவாவில் தேயிலைக் காலத்தில், மிகவும் பிந்தி வந்த குடும்பங்களும் உண்டு. அவர்களின் பேரப்பிள்ளைகளும் ‘வந்து இருநூறு வருசம்’ என்றே சொல்வார்கள். சமூகத்தின் உரிமைக்குரலாக அது சரி. குடும்ப வரலாறாகப் பிழை. வீட்டுப் பேச்சைத் தோட்டப் பதிவேட்டோடு வைத்துப் பார்த்தால்தான் எது பாட்டன் சொன்னது, எது ஊர் சொன்னது என்று பிரித்தறியலாம்.